போல்டி திறந்த அறுபத்து மூன்று கதவுகள்

போல்டி ஹாவ்லிச்செக் ஒரு படத்தில் கதவைத் திறந்தால், அந்தப் படம் ஓடும் ஊரில், போரில் காணாமல் போன ஓர் ஆண் வீடு திரும்பினான். ஒரு படத்துக்கு, ஓர் ஊருக்கு, ஓர் ஆள். படம் வெளியாகும் நாளன்று, மதியக் காட்சியில் அவள் கதவைத் திறக்கும் நேரத்துக்கும் இருட்டுவதற்கும் நடுவில் அவன் வந்து நிற்பான். அதே படத்தை மறுநாள் ஓட்டினாலும் மறுவாரம் ஓட்டினாலும் யாரும் வரமாட்டார்கள். லின்ஸ் நகரத்துத் தியேட்டர்காரர் ஒருவர் பேராசைப்பட்டு, முதல் ரீலை மட்டும் ஒரே நாளில் ஆறு தடவை ஓட்டிப் பார்த்தார். ஒரே ஆள்தான் வந்தான். அவனுக்கும் லேசான தலைச்சுற்றல் இருந்ததாகச் சொன்னார்கள்.

முதல் படம் 1946இல் வந்தது. போல்டிக்கு அப்போது முப்பத்தொரு வயது. முழுப்பெயர் லியோபோல்டினே. வியன்னாவில் அந்தப் பெயரை முழுசாகச் சொல்கிற பொறுமை பாதிரியாருக்குக்கூடக் கிடையாது. போருக்கு முன்னால் ஓர் இசை நாடகக் கொட்டகையில் மூன்றாம் வரிசையில் நின்று கூட்டத்தோடு பாடியவள். கொட்டகை மேல் குண்டு விழுந்த பிறகு சினிமாவுக்கு வந்தாள். பார்த்த மறு நிமிடம் மறந்துபோகிற முகம் அவளுக்கு. கதாநாயகிக்கு அது சாபம், துணை நடிகைக்கு அதைவிட நல்ல சொத்து இல்லை. டைரக்டர் எங்கெல்பெர்ட் ஸ்விர்னருக்குத் தெரிந்தது ஒரே ஒரு கதை. பெரிய வீட்டுக்கு ஓர் அந்நியன் வருவான், வீட்டு எஜமானி வெளியே போயிருப்பாள், அவன் காத்திருக்கும்போது சுவரில் மாட்டிய படத்தைப் பார்ப்பான், அதிலிருந்து மீதி ஒன்றரை மணி நேரம் கிளம்பும். அவனுக்குக் கதவு திறக்க வெள்ளை ஏப்ரன் கட்டிய வேலைக்காரி ஒருத்தி வேண்டும். "அம்மா வீட்டுல இல்லீங்க. உள்ள வந்து உக்காருங்க." ஒன்பது வருஷத்தில், அறுபத்து மூன்று படங்களில், போல்டி பேசிய வசனம் பெரும்பாலும் இவ்வளவுதான். போஸ்டரில் அவள் பெயர் ஒருமுறையும் வந்ததில்லை.

அவள் புருஷன் ஃபெர்டல் நாற்பத்தொன்பதாம் நம்பர் டிராம் ஓட்டியவன். 1943 ஜனவரியில் ரஷ்யாவின் டான் ஆற்றங்கரையிலிருந்து ஒரு தபால் அட்டை போட்டான். காலுக்குக் கம்பளி உறை வேண்டும் என்று எழுதியிருந்தான். அவள் பின்னி அனுப்பினாள். பார்சல் திரும்பி வந்தது, ஆள் வரவில்லை. இறந்தான் என்று எழுதிய காகிதமும் வரவில்லை. 'காணவில்லை' என்று மட்டும் பட்டியலில் போட்டார்கள். எங்கள் ஏழாம் வட்டாரத்தில் அப்படிப்பட்ட பட்டியலில் பெயர் இல்லாத வீடு அபூர்வம்.

விஷயத்தை முதலில் கண்டுபிடித்தது போல்டி அல்ல, அவள் குடியிருந்த கட்டடத்தின் காவல்காரி வொண்ட்ராக்கம்மா. வியன்னாவில் ஒவ்வொரு கட்டடத்துக்கும் இப்படி ஒருத்தி தரைத்தளத்தில் உண்டு. படிக்கட்டைக் கழுவுவாள், பனி பெய்தால் வாசலில் சாம்பல் தூவுவாள், எல்லார் சாவியும் அவளிடம் இருக்கும், எல்லார் சங்கதியும் அவளுக்குத் தெரிந்திருக்கும். வீட்டை விட்டு அவள் நகரக்கூடாது என்பது சட்டம். வொண்ட்ராக்கம்மாவுக்கு ரொட்டியைக்கூட அடுத்தவர்கள்தான் வாங்கி வந்து தருவார்கள். 1948 வசந்தத்தில் ஒரு நாள், ஸ்டூடியோவிலிருந்து திரும்பிச் சாவி வாங்க வந்த போல்டியை அவள் நிறுத்தினாள்.

"போல்டிம்மா, ஒரு நிமிஷம் நில்லுங்க. நீங்க படத்துல என்னதான் சொல்றீங்க?"

"என்ன சொல்றேன்? அம்மா வீட்டுல இல்லீங்க, உள்ள வந்து உக்காருங்கன்னு சொல்றேன். அவ்வளவுதான் நம்ம நடிப்பு."

"அதானே பார்த்தேன். நீங்க அங்க சொல்றீங்க, அவங்க இங்க வந்து உக்காந்துடறாங்க. இந்தக் கட்டடத்துக்கு வந்தது மூணு பேரு. மூணு பேரும் உங்க படம் வந்த அன்னைக்குத்தான் வந்தாங்க. மூணு பேரு வந்தப்பவும் வீட்டுக்காரி வீட்டுல இல்ல. ஒருத்தி நிலக்கரி வரிசைல, ஒருத்தி மாவு வரிசைல, இன்னொருத்தி எங்க போயிருந்தான்னு நான் சொல்லமாட்டேன். மூணு பேருக்கும் நாற்காலி போட்டு சூப்பு ஊத்துனது நான்."

போல்டி சிரித்தாள். பிறகு சிரிப்பதை நிறுத்தினாள். மாடிக்குப் போய் அதுவரை நடித்த பதினான்கு படங்களின் தேதிகளை ஒரு காகிதத்தில் எழுதிக்கொண்டு இறங்கி வந்தாள். இரண்டு பேரும் சமையலறை மேசையில் உட்கார்ந்து ஒத்துப் பார்த்தார்கள். பக்கத்துக் கட்டடங்களின் காவல்காரிகளையும் ஜன்னல் வழியாகக் கூப்பிட்டு விசாரித்தார்கள். ஒரு வாரத்தில் வட்டாரத்துக்கே தெரிந்துவிட்டது. மறு வாரம் நகரம் முழுக்க. அந்த மாதமே மியூனிக், ஃபிராங்க்ஃபர்ட் வரைக்கும்.

இப்படித்தான் வெளியே போகும் வழக்கம் தொடங்கியது. போல்டி நடித்த படம் வருகிற நாளன்று, ஆளுக்காகக் காத்திருந்த பெண்கள் எல்லாரும் மதியம் வீட்டைப் பூட்டிச் சாவியைக் காவல்காரியிடம் கொடுத்துவிட்டுக் கிளம்பினார்கள். வீட்டில் இருந்தால் வரமாட்டார்கள் என்பது வசனத்திலேயே இருந்தது. எங்கள் தெரு முனைக் காப்பிக் கடையில் அன்று இடம் கிடைக்காது. ஆளுக்கொரு கறுப்புக் காப்பியும், கூடவே ஒரு கிளாஸ் தண்ணீரும் வைத்துக்கொண்டு, கண்ணாடி வழியாகத் அவரவர் வாசலைப் பார்த்தபடி நான்கு மணி நேரம் உட்காருவார்கள். யாரும் பேசிக்கொள்ளமாட்டார்கள். ஏதாவது ஒரு காவல்காரி வாசலுக்கு வந்து கையாட்டினால் ஒருத்தி எழுந்து ஓடுவாள். மற்றவர்கள் அவளைப் பார்க்காமல் காப்பியைக் கலக்குவார்கள். சர்க்கரை போடாத காப்பியைக்கூடக் கலக்குவார்கள். காத்திருப்பதை விட்டுவிட்டு வேறு வாழ்க்கை அமைத்துக்கொண்ட பெண்களும் உண்டு. அவர்கள் அன்று வீட்டில் துணி துவைத்துக்கொண்டிருந்தார்கள். அவர்களைத் தேடி ஒருவனும் வந்ததில்லை. அந்த விஷயத்தில் போல்டியின் கதவு மிக நாகரிகமாக நடந்துகொண்டது.

அரசாங்கமும் சும்மா இருக்கவில்லை. ஏதோ ஓர் அலுவலகத்திலிருந்து தொப்பி போட்ட குமாஸ்தா ஒருவர் வந்து, ஆட்களை எல்லை தாண்டி வரவழைக்க அவளிடம் லைசென்ஸ் இருக்கிறதா என்று கேட்டார். இல்லை என்றாள். எழுதிக்கொண்டார். வந்தவர்கள் அவரவர் காலால் நடந்து வந்திருப்பதால் இது போக்குவரத்தில் சேராது என்று முடிவுசெய்து போய்விட்டார். கதாநாயகி கார்லா எஷ்டட்டுக்குத்தான் பொறுக்கவில்லை. தன் முகத்தைப் பார்க்க வருவதை விட்டு வேலைக்காரியின் கையைப் பார்க்க வருகிறார்களே என்று எரிந்து விழுந்து, ஒரு படத்தில் தானே கதவைத் திறந்தாள். அழகாகவே திறந்தாள். எந்த ஊருக்கும் யாரும் வரவில்லை. சால்ஸ்பர்க்கில் தியேட்டர் இருக்கைகளைக் கிழித்தார்கள். ஸ்விர்னர் வீட்டு ஜன்னலில் கல் விழுந்தது. அடுத்த படத்தில் ஏப்ரனும் கதவும் போல்டிக்குத் திரும்பி வந்தன.

நான்கு வருஷம் போயிற்று, ஆறு வருஷம் போயிற்று. டிராமில் பெண்கள் அவள் கோட்டின் கையைத் தொட்டுக் கும்பிடாத குறையாகப் பார்த்தார்கள். கடைக்காரர் வெண்ணெயை ஒரு விரல் அதிகமாக வெட்டினார். மூட்டை மூட்டையாகக் கடிதம் வந்தது. "தயவுசெய்து இரண்டு கதவாகத் திறக்கவும்" என்று ஒரு பெண் ஃபில்லாக்கிலிருந்து எழுதினாள். ஸ்விர்னர் அதையும் செய்து பார்த்தார், இரண்டாவது கதவு வேலை செய்யவில்லை. ஒவ்வொரு படம் வெளியாகும் நாளன்றும் ஒப்பந்தப்படி போல்டி தியேட்டர் மேடையில் ஓரமாக நின்று கையசைக்க வேண்டும். அசைத்துவிட்டு, அடுத்த டிராம் பிடித்து, படிக்கட்டில் ஏறுவதற்கு முன் வொண்ட்ராக்கம்மாவைப் பார்ப்பாள். வொண்ட்ராக்கம்மா இல்லை என்று தலையை ஆட்டுவாள். இது நாற்பத்தெட்டு தடவை நடந்தது. வியன்னா பெரிய ஊர், காணாமல் போனவர்கள் பல்லாயிரம், படத்துக்கு ஒருவன்தான். கணக்கு அவளுக்கும் புரிந்தது. புரிந்தால் வலிக்காது என்று யார் சொன்னார்கள்? அந்த வொண்ட்ராக்கம்மாவின் புருஷன் வென்ஸெல்கூட ருமேனியாவில் காணாமல் போனவன்தான். அவள் சொல்லிக்கொண்டதில்லை, நாங்கள் யாரும் கேட்டதும் இல்லை.

போல்டி திறந்த கதவுகளை எல்லாம் செய்தது எகோன் நெமெட்ஸ் என்ற செட் தச்சர். பெரிய கை, குறைந்த பேச்சு, ஞாயிற்றுக்கிழமைக்கு மட்டும் ஒரு டை. 1947இலிருந்து அவர் போல்டியை விரும்பினார் என்பது ஸ்டூடியோவில் கேமராவுக்கே தெரியும். ஞாயிறுதோறும் இரண்டு பேரும் காட்டோரமாக நடந்துவிட்டு வந்து ஒரு கேக்கை இரண்டாக வெட்டிச் சாப்பிட்டார்கள். அதற்கு மேல் ஒன்றுமில்லை. ஃபெர்டல் இறந்துவிட்டதாக கோர்ட்டில் எழுதி வாங்கிவிட்டால் அவளைக் கட்டிக்கொள்ளலாம். எத்தனையோ பெண்கள் அப்படி எழுதி வாங்கினார்கள். வேறு சிலர் விதவைப் பென்ஷன் போய்விடும் என்று கல்யாணமே செய்யாமல் ஒருவரோடு குடித்தனம் நடத்தினார்கள், பிள்ளைகள் அவரை 'சித்தப்பா' என்று கூப்பிட்டன. தெருவுக்கு நான்கு சித்தப்பா இருந்த காலம் அது. போல்டி கையெழுத்துப் போட மறுத்தாள். "ஊராருக்கெல்லாம் ஆளக் கூட்டிட்டு வர்றேன். என் ஆளு செத்துட்டான்னு நானே எப்படி எழுதிக் கொடுக்கறது?" என்றாள். நெமெட்ஸ் அதற்குப் பிறகு கேட்கவில்லை.

லைட்மேன்கள் அவரை விடவில்லை. "ஏம்ப்பா நெமெட்ஸ், அந்தக் கதவு வழியா அவ புருஷன் வந்துட்டா உன் கதி? உனக்கு நீயே ஆப்பு செதுக்கிக்கிட்டு இருக்கியே!" என்று சிரிப்பார்கள்.

"அவரு வந்தா இந்தக் கதவு வழியாத்தான் வரணும். அப்ப கதவு நல்லா இருக்கணும்ல?" என்று சொல்லிவிட்டு அவர் இழைப்புளியைத் தள்ளிக்கொண்டே இருப்பார். மற்ற செட்டுகளில் கதவு அட்டையும் பெயிண்டுமாக இருக்கும். அவர் போல்டிக்குச் செய்தது ஓக் மரத்தில், நிஜக் கீலோடு.

1955இல், போர் முடிந்ததிலிருந்து ஊரைப் பங்குபோட்டு வைத்திருந்த நான்கு நாட்டு ராணுவமும் ஊரை விட்டுப் போக ஒப்புக்கொண்டன. அந்தக் கோடையில் ரஷ்யாவிலிருந்து கடைசி ரயில்கள் வந்தன. போல்டி மற்றப் பெண்களோடு பிளாட்பாரத்தில் நின்று, அட்டையில் ஒட்டிய ஃபெர்டலின் போட்டோவைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தாள். இறங்கியவர்கள் ஒவ்வொருவராகப் பார்த்துத் தெரியாது என்று தலையை ஆட்டிவிட்டுப் போனார்கள். ஒருவன் மட்டும் நின்று உற்றுப் பார்த்தான். "டிராம்ல டிக்கெட் இல்லாம ஏறுனேன்னு இவன் என்னை ஒரு தடவ இறக்கிவிட்டான்" என்றான். அது போருக்கு முன்னால் நடந்தது.

அக்டோபரில் ஸ்விர்னர் அவளைக் கூப்பிட்டார். "போல்டி, இதுதான் கடைசிக் கதவு. அடுத்த படத்துல வேலைக்காரியே கிடையாது. ஜனங்க இப்ப வாஷிங் மெஷின்தான் கேக்கறாங்க."

"அப்ப கதவ யாரு திறப்பா, டைரக்டர் சார்?"

"கதவே இல்லம்மா. ஏரி. முழுப் படமும் ஏரியில. ஏரிக்கு ஏது கதவு?"

அன்று டிராமில் திரும்பும்போது, நாற்பத்தொன்பதாம் நம்பர் டிராமில்தான், அவளுக்கு அந்த எண்ணம் வந்தது. அம்மா வீட்டில் இல்லை என்று சொன்னால் வீட்டில் இல்லாதவளின் ஆள் வருகிறான். அம்மா வீட்டில் இருக்கிறாள் என்று சொன்னால்? வீட்டில் இருப்பவளின் ஆள் வந்தாக வேண்டும். படம் வரும் நாளன்று, காத்திருக்கிற பெண்களில் வீட்டில் இருப்பது யார்? ஒருத்தியும் இல்லை. அத்தனை பேரும் காப்பிக் கடையில். போல்டி ஒருத்தி வீட்டில் இருந்துவிட்டால் வேறு போக்கிடம் இல்லாமல் ஃபெர்டல் வந்து சேருவான். அதற்கு விலை, படம் வெளியாகப்போகிற முப்பத்தொரு ஊர்களிலும் கண்ணாடி வழியாக வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கும் பெண்களுக்கு அந்தக் கடைசிப் படத்தில் யாருமே வரமாட்டார்கள் என்பது. அவளுக்கு அது தெரியும். தெரிந்துதான் செய்தாள். அதைப் பூசி மெழுக நான் தயாரில்லை. அறுபத்திரண்டு கதவு ஊருக்குத் திறந்தவள் ஒன்றைத் தனக்குத் திறந்துகொள்ள நினைத்தாள், அவ்வளவுதான்.

படப்பிடிப்பன்று நெமெட்ஸ் வழக்கம்போல் கதவுக்குப் பின்னால் குந்தி உட்கார்ந்து, கீல் சத்தம் போடாமல் பிடித்துக்கொண்டிருந்தார். போல்டி திறந்தாள். "அம்மா வீட்டுலதான் இருக்காங்க. உள்ள வாங்க" என்றாள். ஸ்விர்னர் கதவைத் திறப்பவளை ஒருநாளும் பார்த்ததில்லை, வருகிறவனைத்தான் பார்ப்பார். "போதும், அடுத்த ஷாட்" என்றார். நெமெட்ஸ் மட்டும் நிமிர்ந்து பார்த்தார். இரண்டு நிமிஷம் கழித்து அவருக்கு முழுசாக விளங்கியது. சுத்தியலை எடுத்து இடுப்பில் சொருகிக்கொண்டார்.

"கதவு சரியா இருந்துச்சா, போல்டி?"

"நல்லா இருந்துச்சு."

"அப்ப சரி."

யாரிடமும் அவர் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் ஒரே மணி நேரத்தில் மறுபடி எடுத்திருப்பார்கள். எஜமானி வீட்டில் இருப்பதாகக் கேட்டு உள்ளே வந்தவன் அடுத்த காட்சியில் காலி அறையில் உட்கார்ந்திருந்தான். அதை ஒரு விமர்சகர் நவீன மனிதனின் தனிமை என்று எழுதி ஸ்விர்னரைக் குழப்பத்தில் ஆழ்த்தினார்.

நவம்பரில் ஒரு வெள்ளிக்கிழமை படம் முப்பத்தொரு ஊர்களில் வெளியானது. போல்டி ஜலதோஷம் என்று தியேட்டருக்குச் சீட்டு அனுப்பினாள். "ஜலதோஷக்காரி இத்தனை ஈரல் உருண்டை பிடிக்கிறத நான் பார்த்ததில்ல" என்றாள் வொண்ட்ராக்கம்மா, படிக்கட்டைக் கழுவிக்கொண்டே. தெருவில் பெண்கள் ஒவ்வொருவராகச் சாவியைக் கொடுத்துவிட்டு முனைக் கடைக்குப் போனார்கள். பன்னிரண்டு வருஷமாக மகனுக்குக் காத்திருந்த கிழவி ஷெஸ்டாக் கடைசியாகப் போனாள், அவளுக்கு மூட்டு வலி. மாடி ஜன்னலிலிருந்து போல்டி அதைப் பார்த்தாள். திரையை இழுத்து மூடினாள்.

மேசை மேல் இரண்டு தட்டு. மூன்று மணிக் காட்சி. இருபதாவது நிமிஷத்தில் கதவு. மூன்றே முக்காலுக்குத் தெருக்கதவு திறந்து மூடும் சத்தம் கேட்டது. பூட்ஸ் கால், களைத்த கால். நடைக்கல்லில் பத்து அடி வைத்தது. படிக்கட்டில் ஏறப்போகிறது என்று அவள் கதவின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஏறவில்லை. ஐந்து நிமிஷம் நின்றாள், பத்து நிமிஷம் நின்றாள். மணி அடிக்கவில்லை. கரண்டியைக் கையில் வைத்தபடியே இறங்கினாள்.

தரைத்தளத்தில் காவல்காரி வீடு திறந்து கிடந்தது. மரப்பெட்டியோடு ஓர் ஆள் நின்றுகொண்டிருந்தான். தாடி நரைத்திருந்தது, காலில் ஒன்றுக்கொன்று பொருந்தாத பூட்ஸ். வொண்ட்ராக்கம்மா கையில் தரை துடைக்கும் துணி சொட்டிக்கொண்டிருந்தது. அதைக் கீழே போட வேண்டும் என்று அவளுக்குத் தோன்றவில்லை.

"போல்டிம்மா," என்றாள். "வழக்கமா நான் கேக்கறத இவரையும் கேட்டுட்டேன். எந்த மாடின்னு. நாற்காலிகூட இழுத்துட்டேன். 'உன் வீட்டுக்குத்தான்டி வந்திருக்கேன்'ங்கறாரு."

வென்ஸெல் வொண்ட்ராக் தொப்பியைக் கழற்றிப் போல்டிக்கு வணக்கம் சொன்னான்.

போல்டிக்கு முதலில் சந்தோஷம் வரவில்லை. வயிறு எரிந்தது. வீட்டை விட்டு நகரவே கூடாத ஒருத்தி தன் கட்டடத்திலேயே இருப்பதை, ஒன்பது வருஷமாகக் கதவு திறந்து பிழைத்த அவளே மறந்துவிட்டாள். படியில் ஏறும்போது அழுதாள். சூப்புச் சட்டியோடு இறங்கும்போதும் அழுதாள். ஆனால் சூப்பை முழுசாக அவன் தட்டில் ஊற்றினாள். அவன் மூன்றாவது தட்டு கேட்டபோது அழுகை நின்றிருந்தது.

அப்போது தியேட்டரிலிருந்து நெமெட்ஸ் வந்து சேர்ந்தார். வெள்ளிக்கிழமையென்றும் பாராமல் டை கட்டியிருந்தார். வாசலில் கழற்றி வைத்த ஆண் பூட்ஸைப் பார்த்தார், உள்ளே போல்டி ஒருவனுக்குப் பரிமாறுவதைப் பார்த்தார். நேராக நின்று, தொப்பியை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். நாள் கணக்காக மனப்பாடம் செய்தது போலச் சொன்னார்.

"வாங்க, ஹாவ்லிச்செக். நான் நெமெட்ஸ், தச்சன். உங்க வீட்டம்மா உங்கள ஒருநாளும் விட்டுக்கொடுக்கல. அதச் சொல்லிட்டுப் போகத்தான் வந்தேன்."

"நான் வொண்ட்ராக்குங்க" என்றான் வென்ஸெல், வாயில் உருண்டையோடு.

நெமெட்ஸ் படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டார். கையால் முகத்தை மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது, அழுகிறாரா சிரிக்கிறாரா என்று தெரியவில்லை, அவருக்கே அது வெட்கமாக இருந்தது. ஃபெர்டல் அன்றும் வரவில்லை, அதற்குப் பின்னாலும் வரவில்லை. இரண்டு வருஷம் கழித்து அவள் கோர்ட்டுக்குப் போய்க் கையெழுத்துப் போட்டாள், அந்த வருஷமே நெமெட்ஸைக் கட்டிக்கொண்டாள். தன்னை அழவிடாமல் பக்கத்தில் நிற்கத் தெரிந்தவர் அவர் என்று அவளே எங்களிடம் சொல்லியிருக்கிறாள்.

மறுநாளிலிருந்து மற்ற ஊர்களின் செய்தி வந்தது. கிராட்ஸில் எட்டு வருஷமாகப் படுக்கையில் கிடந்த தாய்க்கு மகன் வந்திருந்தான். லின்ஸுக்கு வெளியே, ரயில்வே கேட்டை விட்டு நகர முடியாத ஒருத்திக்குப் புருஷன். மியூனிக்கில் பைத்தியம் பிடித்த மாமியாரை எட்டு வருஷமாக ஒருமணி நேரம்கூடத் தனியே விட முடியாத ஒருத்திக்கு. முப்பத்தொரு ஊர், முப்பத்தொரு பேர். வெளியே போய்க் காத்திருக்க முடியாதவர்கள், இத்தனை வருஷமும் தங்கள் முறை வராது என்று தெரிந்தே அடுத்தவர்களின் சாவியை வாங்கி வைத்தவர்கள். யாரும் இதற்குப் பெரிதாக ஆச்சரியப்படவில்லை. வசனம் அப்படி, ஆட்கள் அப்படி வந்தார்கள்.

ஆனால் அந்த வெள்ளிக்கிழமை நாலரை மணிக்கு இதெல்லாம் போல்டிக்குத் தெரியாது. கரண்டியை வொண்ட்ராக்கம்மா கையில் கொடுத்துவிட்டு, ஏப்ரனைக்கூட அவிழ்க்காமல், தெருவைக் கடந்து முனைக் கடைக்குப் போனாள். கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே நின்றாள். நாற்பது தலைகள் திரும்பின.

"நீங்கல்லாம் வீட்டுக்குப் போகலாம். இன்னைக்கு உங்களுக்கு யாரும் வரமாட்டாங்க. வசனத்த நான் மாத்திட்டேன். வீட்டுல இருக்கறவளுக்குத்தான் வருவாங்கற மாதிரி மாத்திட்டேன். எனக்காக."

கரண்டிகள் நின்றன. தண்ணீர்த் தட்டோடு வந்த சர்வர் அப்படியே நின்றார். கிழவி ஷெஸ்டாக்தான் முதலில் வாய் திறந்தாள்.

"அடிப் பாவி."

"ஆமா" என்றாள் போல்டி.

"இனிமே படமும் இல்லங்கறாங்க."

"இல்ல. இதுதான் கடைசி."

ஷெஸ்டாக் அவளை மேலும் கீழும் பார்த்தாள். வேலைக்காரி ஏப்ரன், அதில் சூப்புக் கறை. கிழவியின் மகன் வரவேயில்லை என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன்.

"சரி, உன் ஆளு?"

"வரல. வொண்ட்ராக்கம்மா வீட்டுக்காரர்தான் வந்தாரு."

கடைக்குள் எங்கோ ஒருத்தி, "அந்த அம்மாவுக்கு வீட்டுக்காரர் உண்டா?" என்று மெல்லக் கேட்டாள். ஷெஸ்டாக் வலிக்கிற காலை நீட்டி எதிர் நாற்காலியை வெளியே தள்ளினாள்.

"உக்காரு. ஏன் நிக்கற?"

போல்டி உட்கார்ந்தாள். சர்வர் அவள் முன்னாலும் ஒரு கிளாஸ் தண்ணீர் வைத்தார்.